ஓரத்தில் நின்ற மனிதரைத் தேடி

தெட்ஃபோர்டு ஊரின் ஆற்றங்கரையில் ஒரு பெஞ்சு இருக்கிறது. அதில் ராணுவச் சீருடையும் மூக்குக்கண்ணாடியுமாக ஒரு வெண்கல மனிதர் உட்கார்ந்திருக்கிறார். பெஞ்சின் மறுபாதி காலி. வருகிறவர்கள் அவர் பக்கத்தில் உட்கார்ந்து படம் எடுத்துக்கொள்ளத்தான் அந்த இடம்.

நான் போன சனிக்கிழமை காலையில் ஒரு தாத்தாவும் பாட்டியும் இரண்டு பேரப்பிள்ளைகளுடன் எனக்கு முன்னால் காத்திருந்தார்கள். பேரன் வெண்கல மனிதரின் மடியிலேயே ஏறிவிட்டான். “கேப்டன் மடியில் எல்லாம் உட்காரக் கூடாது” என்று பாட்டி அதட்டினார். தாத்தா சிரித்துக்கொண்டே சிலைக்கு ஒரு சல்யூட் வைத்தார்.

என் முறை வந்தபோது நானும் ஒரு படம் எடுத்துக்கொண்டேன். ஆனால் லண்டனிலிருந்து ரயில் மாறி இவ்வளவு தூரம் வந்தது இந்தக் கேப்டனைப் பார்க்க அல்ல. அவருடைய படையில், வரிசையின் கோடியில், மெல்லிய குரலில் மன்னிப்புக் கேட்டுக்கொண்டே நிற்கும் ஒரு கிழவருக்காக. அவருக்கு இந்த ஊரில் சிலை இல்லை.

சனிக்கிழமை மாலையும் ஒரு கோப்பை டீயும்

வேலை பார்க்கும் இடத்திலிருந்து ஆறு வாரப் பயிற்சிக்காக என்னை லண்டனுக்கு அனுப்பியிருந்தார்கள். கணவரை இழந்த ஓர் ஆங்கிலேய மூதாட்டியின் வீட்டில், மாடியறையில் தங்கியிருந்தேன். சனிக்கிழமை மாலையானால் அவர் டீயும் பிஸ்கட்டுமாகத் தொலைக்காட்சி முன் உட்கார்ந்துவிடுவார். பிபிசியின் இரண்டாம் அலைவரிசையில் ‘டாட்ஸ் ஆர்மி’ மறுஒளிபரப்பாகும். முதல் வாரமே என்னையும் கூப்பிட்டுப் பக்கத்தில் உட்கார வைத்துவிட்டார்.

கதை எளிமையானது. 1940ஆம் ஆண்டு. ஹிட்லரின் படை எந்த நேரமும் கடலைத் தாண்டி இங்கிலாந்துக்குள் இறங்கிவிடலாம் என்ற பயம். இளைஞர்கள் எல்லாரும் போருக்குப் போய்விட்டார்கள். மிஞ்சியிருக்கும் வயதானவர்களையும் படையில் சேர முடியாதவர்களையும் சேர்த்து ‘ஹோம் கார்ட்’ என்ற உள்ளூர்க் காவல் படையை அரசாங்கம் அமைத்தது. இது உண்மையாகவே நடந்தது. அப்படி ஒரு கற்பனைக் கடற்கரை ஊரின் படைதான் தொடரின் களம். ஊர் வங்கி மேலாளர் கேப்டன். வங்கிக் குமாஸ்தா சார்ஜன்ட். இறைச்சிக் கடைக்காரர் கார்ப்பரல். சவப்பெட்டி செய்பவர் ஒரு சிப்பாய். 1968 முதல் 1977 வரை ஒன்பது பருவங்கள், எண்பது பாகங்கள். புகழின் உச்சத்தில் ஒரு கோடியே எண்பது லட்சம் பேருக்கு மேல் பார்த்த தொடர் அது.

அந்தப் படையில் கோட்ஃப்ரி என்று ஒரு சிப்பாய். ஒரு பெரிய கடையில் முப்பத்தைந்து ஆண்டுகள் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். திருமணமாகாத சகோதரிகளுடன் ஒரு குடிலில் வாழ்கிறார். அக்கா செய்த கேக்கைப் பற்றிப் பெருமையாகப் பேசுவார். படை அவசரமாகக் கிளம்பும் நேரம் பார்த்து, கழிவறைக்குப் போய்விட்டு வரலாமா என்று கேப்டனிடம் அனுமதி கேட்பார். வசனம் குறைவுதான். ஆனால் அவர் வாயைத் திறந்தால் வீட்டுக்கார அம்மா டீக்கோப்பையைக் கீழே வைத்துவிடுவார்.

அந்தக் கிழவரைப் பார்த்தபோது எனக்கு என் தம்பி ஞாபகம் வந்தது.

என் தம்பிக்கு முப்பத்தொரு வயது. கோலாலம்பூரில் தமிழ்த் தொலைக்காட்சி நாடகங்களில் நடிக்கிறான். கதாநாயகன் இல்லை. இதுவரை மூன்று முறை போலீஸ், இரண்டு முறை டாக்டர், பல முறை மாப்பிள்ளைத் தோழன், ஒரு முறை பிணம். படப்பிடிப்பு இல்லாத நாள்களில் கிராப் ஓட்டுகிறான். வீட்டில் எல்லாரும் உட்கார்ந்து நாடகம் பார்ப்போம். அப்பா சமையலறைப் பக்கம் போய்விட்டு வந்து, “அவன் வர்ற சீன் வந்துட்டுப் போயிருச்சா?” என்று கேட்பார். பெரும்பாலும் போயிருக்கும்.

போன தீபாவளிக்கு உறவினர் எல்லாரும் கூடியிருந்தபோது நானும் வாயை விட்டேன். “இன்னும் எத்தனை நாளைக்குடா ஓரத்துலயே நிப்பே?” அவன் சிரித்துக்கொண்டே என் தட்டையும் சேர்த்து எடுத்துக்கொண்டு போய்க் கழுவி வைத்தான்.

லண்டனில் இருந்தபோது அவனிடமிருந்து செய்தி வந்தது. “அக்கா, மாமா ஆபீஸ்ல ஒரு வேலை இருக்காம். நிரந்தர வேலை. மாசக் கடைசிக்குள்ள சொல்லணுமாம். நீ என்ன சொல்றே?”

நான் பதில் எழுதவில்லை. இரண்டு வாரம் கடந்திருந்தது.

தெட்ஃபோர்டில் ஒரு சின்ன அருங்காட்சியகம்

தெட்ஃபோர்டு, நார்ஃபோக் வட்டாரத்தில் ஒரு சிறிய சந்தை ஊர். லண்டன் கிங்ஸ் கிராஸிலிருந்து ஈலி வரை ஒரு ரயில், அங்கிருந்து நாரிச் போகும் ரயிலில் ஏறினால் அரை மணி நேரத்துக்குள் இறங்கிவிடலாம். ‘டாட்ஸ் ஆர்மி’ தொடரின் வெளிப்புறக் காட்சிகள் பல இந்த ஊரிலும் சுற்றியுள்ள ராணுவப் பயிற்சி நிலத்திலும்தான் எடுக்கப்பட்டன. நடிகர்கள் தங்கிய பெல் ஓட்டல் இன்றும் இருக்கிறது. தொடரில் நகர மண்டபமாக வரும் கில்டுஹால் கட்டடமும் இருக்கிறது.

சின்ன ஊர்தான், ஆனால் நின்று பார்க்க நிறைய உண்டு. ‘மனிதனின் உரிமைகள்’ எழுதிய தாமஸ் பெய்ன் 1737இல் பிறந்தது இங்கேதான். நடுத்தெருவில் அவருக்குப் பொன்னிறச் சிலை வைத்திருக்கிறார்கள். ஆற்றின் நடுவே ஒரு தீவில் குதிரை மேல் ஒரு தலைப்பாகைக்காரர்! யாரென்று பார்த்தால், பஞ்சாபின் கடைசி மகாராஜா துலீப் சிங். சிறு வயதிலேயே ஆங்கிலேயரிடம் அரசை இழந்து இங்கிலாந்துக்குக் கொண்டுவரப்பட்டவர், பிற்காலத்தில் பக்கத்திலுள்ள எல்வெடன் மாளிகையில் வாழ்ந்தார்.

கில்டுஹாலை ஒட்டி ‘டாட்ஸ் ஆர்மி’ அருங்காட்சியகம். தொண்டூழியர்கள் நடத்துவது. வாரத்தில் சில நாள்களே திறந்திருக்கும் என்பதால் போகிறவர்கள் முன்கூட்டியே பார்த்துக்கொண்டு போவது நல்லது. படங்களும் நினைவுப் பொருள்களும் நிறைந்த சின்ன இடம். ஒரு சுவரில் ஏழு முக்கிய நடிகர்களும் வரிசையாக நிற்கும் படம் இருந்தது. அங்கிருந்த தொண்டூழியரான ஒரு பெண்மணியிடம் கோட்ஃப்ரியைக் காட்டி, “இவரைப் பற்றித்தான் தெரிந்துகொள்ள வந்தேன்” என்றேன்.

அவர் என்னை ஒரு தடவை நன்றாகப் பார்த்தார். பெரும்பாலானவர்கள் கேப்டனைப் பற்றியோ கார்ப்பரலைப் பற்றியோ கேட்பார்கள் போலிருக்கிறது.

“இந்த வரிசையில் யாருக்கு வயது அதிகம், சொல்லுங்கள்” என்றார்.

நான் கார்ப்பரல் ஜோன்ஸைக் காட்டினேன். சூடான் போரில் சண்டை போட்ட கதையை ஓயாமல் சொல்லும் கிழட்டு வீரர் அவர். எதிரிக்குத் துப்பாக்கி முனைக் கத்தியென்றாலே நடுக்கம் என்று வாராவாரம் பெருமை பேசுவார். அரங்கம் வாராவாரம் சிரிக்கும்.

“அவர் கிளைவ் டன். தொடர் தொடங்கும்போது அவருக்கு நாற்பத்தெட்டுதான். கிழவர் வேடம். உண்மையான கிழவர் இவர்” என்று கோட்ஃப்ரியின் மேல் விரலை வைத்தார். “ஆர்னல்டு ரிட்லி. எழுபத்திரண்டு வயதில் இதில் சேர்ந்தார். அந்தக் கத்திக் குத்தை உண்மையாகவே உடம்பில் வாங்கியவரும் இவர்தான்.”

எனக்கு உடனே புரியவில்லை. அவர் சொல்லிக்கொண்டே போனார்.

சட்டைப்பையில் இருந்த சின்னம்

ஆர்னல்டு ரிட்லி 1896 ஜனவரி 7ஆம் தேதி பாத் நகரில் பிறந்தார். அப்பா காலணிக் கடை வைத்திருந்தவர். மகன் பிரிஸ்டல் பல்கலைக்கழகத்தில் படித்து ஆசிரியர் பயிற்சி பெற்றார். பிரிஸ்டல் மேடையில் நடிக்கவும் தொடங்கினார். 1914இல் முதல் உலகப் போர் வந்தது. முதலில் உடல் தகுதி போதாதென்று திருப்பி அனுப்பினார்கள். 1915இல் சாமர்செட் காலாட்படையில் சேர்த்துக்கொண்டார்கள்.

அடுத்த ஆண்டு பிரான்சில் சோம் போர்க்களம். எதிரியின் பதுங்குகுழிக்குள் நடந்த கைகலப்பில் துப்பாக்கிக் கட்டையால் மண்டையில் அடி. இடுப்புக்குக் கீழே கத்திக் குத்து. இடக்கை பிளந்து, பிறகு வாழ்நாள் முழுக்கச் சரியாகப் பயன்படாமலே போயிற்று. அப்போது அவருக்கு இருபது வயது. தலையில் பட்ட அடியால் பிற்காலத்திலும் திடீரென்று நினைவிழந்து விழுவதுண்டு. 1917இல் மருத்துவக் காரணத்தால் படையிலிருந்து விடுவித்தார்கள்.

ஊர் திரும்பிய சமயத்தில் ஒன்று நடந்தது. போருக்குப் போகாத ஆண்களைக் கோழை என்று இழித்துக் காட்ட, தெருவில் பெண்கள் வெள்ளை இறகைக் கையில் கொடுப்பது அந்நாள் வழக்கம். சாதாரண உடையில் போய்க்கொண்டிருந்த ரிட்லியின் கையிலும் ஒரு பெண் இறகைத் திணித்துவிட்டுப் போனாள். காயம்பட்டுத் திரும்பிய வீரர்கள் சட்டையில் குத்திக்கொள்ள அரசாங்கம் வெள்ளிச் சின்னம் ஒன்று கொடுத்திருந்தது. ரிட்லியிடமும் அது இருந்தது. சட்டையில் அல்ல, பைக்குள். தான் காயம்பட்ட வீரன் என்று விளம்பரம் செய்துகொள்ள அவருக்கு விருப்பமில்லை. ஒன்றும் சொல்லாமல் இறகை வாங்கிக்கொண்டார்.

இதைச் சொல்லிவிட்டு அந்தப் பெண்மணி, “1969இல் வந்த ‘பிராண்டட்’ என்ற பாகத்தைப் பார்த்தீர்களா?” என்று கேட்டார். பார்க்கவில்லை. அன்றிரவே லண்டன் திரும்பி வீட்டுக்கார அம்மாவிடம் இருந்த வட்டில் பார்த்தேன்.

அதில் கோட்ஃப்ரி படையிலிருந்து விலகுவதாகக் கடிதம் கொடுக்கிறார். ஓர் எலியைக்கூடத் தன்னால் கொல்ல முடியவில்லை என்கிறார். முதல் உலகப் போரிலும் ஆயுதம் எடுக்க மறுத்தவன் நான் என்கிறார். அவ்வளவுதான், படை மொத்தமும் அவரை ஒதுக்கிவிடுகிறது. பிறகு ஒரு பயிற்சியில், புகை நிறைந்த அறைக்குள் மயங்கி விழுந்த கேப்டனை அந்தக் கிழவர்தான் வெளியே இழுத்து வருகிறார். உடம்பு முடியாமல் படுத்திருப்பவரைப் பார்க்கப் போன கேப்டனின் கண்ணில் சுவரிலுள்ள பழைய படம் படுகிறது. அதில் இளவயது கோட்ஃப்ரியின் நெஞ்சில் வீரப் பதக்கம். ஆயுதம் எடுக்காவிட்டாலும், சோம் போரில் தூக்குக்கட்டிலோடு குண்டுமழைக்குள் போய் உயிர்களைக் காப்பாற்றியவர் என்று சகோதரி சொல்கிறார். பதக்கத்தை ஏன் அணிவதில்லை என்றால், அது கொஞ்சம் ஆடம்பரமாகத் தெரிகிறதாம். அதற்குப் பிறகு கோட்ஃப்ரி படையின் மருத்துவ உதவியாளர் ஆகிறார்.

கதை கற்பனை. ஆனால் ‘அணிய விருப்பமில்லை’ என்று சொன்ன மனிதரின் பைக்குள் ஒரு காலத்தில் உண்மையான சின்னம் இருந்தது. நான் இதுவரை பார்த்த பாகங்களை மனத்துக்குள் திரும்ப ஓட்டினேன். கார்ப்பரல் கத்திப் பெருமை பேசும்போதெல்லாம் வரிசையில் கோட்ஃப்ரியும் நின்றிருப்பார். ஒருநாளும் முகம் கோணவில்லை. அந்தச் சிரிப்பொலியில் எழுபது கடந்த உடம்பு அமைதியாக நிற்கும்.

துணை நடிகரைப் பார்த்து ‘இவருக்கு என்ன பெரிய வேலை, சும்மா நிற்கிறார்’ என்று நாம் நினைக்கிறோம். நானும் அப்படித்தான் நினைத்திருந்தேன்.

ரயில் வராத ரயில் நிலையம்

அடுத்த சனிக்கிழமை மேற்குப் பக்கம் கிளம்பினேன். தெட்ஃபோர்டு பெண்மணி விடைபெறும்போது, “நேரமிருந்தால் மாங்கட்ஸ்ஃபீல்டுக்குப் போங்கள். இவர் நடிகர் மட்டுமல்ல” என்று சொல்லியிருந்தார்.

லண்டனிலிருந்து பிரிஸ்டலுக்கு ரயில். அங்கே வாடகைக்கு ஒரு சைக்கிள். பிரிஸ்டலுக்கும் பாத் நகருக்கும் இடையே ஓடிய பழைய ரயில் பாதை ஒன்றில் தண்டவாளத்தை எடுத்துவிட்டு, சைக்கிளுக்கும் நடைக்குமான பாதையாக மாற்றியிருக்கிறார்கள். மொத்தம் 21 கிலோமீட்டர். ரயில் போன தடம் என்பதால் பெரிய ஏற்றம் இறக்கம் கிடையாது. பிள்ளைகளோடு போகிறவர்களும் பயப்பட வேண்டாம். என்னைப் போல் பதினைந்து வருடத்துக்குப் பிறகு சைக்கிள் மிதிப்பவர்களும்தான்.

ஊரைத் தாண்டிச் சிறிது தூரத்தில் ஸ்டேப்பிள் ஹில் சுரங்கம் வருகிறது. ஏறக்குறைய அரை கிலோமீட்டர் நீளம். உள்ளே விளக்கு எரிகிறது, சுவரில் நீர் கசிகிறது, எதிரே வருகிறவர்களின் மணிச் சத்தம் எங்கிருந்து வருகிறதென்றே தெரியாமல் எதிரொலிக்கிறது. சுரங்கத்தை விட்டு வெளியே வந்து இன்னும் கொஞ்ச தூரம் மிதித்தால் மரங்களுக்கிடையே ஒரு நடைமேடை. கூரையில்லாத கல் சுவர். சுவரில் கதவும் கண்ணாடியும் இல்லாத சன்னல் ஓட்டைகள். இதுதான் மாங்கட்ஸ்ஃபீல்டு ரயில் நிலையம். 1966இல் மூடிவிட்டார்கள்.

1920களின் தொடக்கத்தில் ரிட்லி இங்கே ரயிலைத் தவறவிட்டுப் பல மணி நேரம் தனியே காத்திருக்க நேர்ந்தது. போரின் பழைய காயங்கள் மீண்டும் தொல்லை தந்ததால் 1921இல் நடிப்பை விட்டுவிட்டு, பாத் நகரில் அப்பாவின் காலணிக் கடையில் வேலை பார்த்துக்கொண்டிருந்த காலம் அது. இந்த நிலையத்தில் ஒரு விசித்திரம் உண்டு. இங்கே பாதைகள் முக்கோணமாகச் சந்தித்தன. நிலையத்தைத் தொடாமல் முக்கோணத்தின் மறுபக்கமாகப் போகும் விரைவு ரயில், வளைவில் திரும்பும்போது, நிலையத்துக்குள்ளேயே வந்து கடந்து போவதுபோல் இரைச்சல் எழும். தண்டவாளத்தைப் பார்த்தால் ஒன்றும் இருக்காது. சத்தம் வரும், ரயில் வராது.

அந்தச் சத்தத்தை வைத்து அவர் எழுதிய நாடகம்தான் ‘தி கோஸ்ட் டிரெய்ன்’, அதாவது பேய் ரயில். இரவில் ஓர் ஒதுக்குப்புற நிலையத்தில் மாட்டிக்கொள்ளும் பயணிகளின் கதை. முடிவைச் சொல்லிவிட்டால் பார்க்கப் போகிறவர்கள் என்னைத் திட்டுவார்கள். 1925இல் லண்டனில் அரங்கேறி 655 காட்சிகள் ஓடியது. மூன்று முறை ஆங்கிலத் திரைப்படமானது. மேடையில் ரயில் தெரியவே தெரியாது. திரைக்குப் பின்னால் தோட்ட உருளையை மரச்சட்டங்கள் மேல் உருட்டியும், தகரத்தை அதிர வைத்தும், தாளக்கருவிகளை அடித்தும் ஆள்கள் சத்தம் எழுப்புவார்கள். முன்னால் உட்கார்ந்திருப்பவர்களுக்கு ரயில் அரங்கத்துக்குள் புகுந்து போனதுபோல் இருக்கும்.

நடைமேடையில் உட்கார்ந்து கட்டிக்கொண்டு வந்த சாண்ட்விச்சைச் சாப்பிட்டேன். முப்பதுக்கும் மேற்பட்ட நாடகங்களை எழுதிய ஒருவர், முதுமையில் ஏன் சின்ன வேடங்களுக்கு வந்தார்?

பதிலில் பெருமைப்பட ஒன்றுமில்லை. 1930களில் ஒருவருடன் கூட்டாகத் திரைப்பட நிறுவனம் தொடங்கினார். அது முறிந்துபோனது. கடனை அடைக்கப் பல ஆண்டுகள் ஆயின. 1939இல் மறுபடியும் போர் வந்தபோது அதிகாரியாகப் பிரான்சுக்குப் போனார். 1940 மே மாதம் பூலோன் துறைமுகம் விழும் தறுவாயில், கடைசியாகக் கிளம்பிய போர்க்கப்பல்களில் ஒன்றில் தப்பி வந்தார். பழைய அதிர்ச்சி புதியதோடு சேர்ந்துகொண்டது. உடல்நலம் கெட்டுப் படையிலிருந்து விலகினார். அதன் பிறகு சொந்த வட்டாரத்தின் ஹோம் கார்ட் படையில் சேர்ந்தார். ஆமாம், பிற்காலத்தில் எந்தப் படையை வைத்து நாடு சிரித்ததோ அதே படை.

போருக்குப் பின் மேடை, வானொலி, தொலைக்காட்சி என்று கிடைத்ததைச் செய்தார். ‘தி ஆர்ச்சர்ஸ்’ வானொலித் தொடரில் கிராமத்து மனிதர். ‘கிராஸ்ரோட்ஸ்’ தொலைக்காட்சித் தொடரில் பாதிரியார். 1968இல் தயாரிப்பாளர் டேவிட் கிராஃப்ட், “ஓடியாட வேண்டியிருக்கும், சமாளிப்பீர்களா?” என்று கேட்டாராம். சமாளிப்பேன் என்றாராம் ரிட்லி. தொடர் முடிந்தபோது அவருக்கு எண்பத்தொரு வயது. ஒருவேளை கலை ஆர்வம் அதற்கு ஒரு காரணம். மாதச் செலவு இன்னொரு காரணம். இரண்டையும் பிரித்துப் பார்க்க நமக்கு என்ன உரிமை இருக்கிறது?

பாத் நகரத்துக் குன்றில்

மாங்கட்ஸ்ஃபீல்டைத் தாண்டி பிட்டன் என்ற இடத்தில் பழைய நிலையத்தை ஆர்வலர்கள் உயிரோடு வைத்திருக்கிறார்கள். வார இறுதிகளில் நீராவி ரயில் ஓடும். ஒரு டீ குடித்துவிட்டு மிதித்தால் ஏவன் ஆறு பாதையோடு சேர்ந்துகொள்கிறது. பிற்பகலில் தேன் நிறக் கல் வீடுகள் குன்றில் அடுக்கடுக்காக ஏறும் பாத் நகருக்குள் நுழைந்தேன்.

ரோமானியர் குளித்த வெந்நீர்க் குளம், அரைவட்டமாக வளைந்த ராயல் கிரசென்ட், ஜேன் ஆஸ்டின் என்று பாத் நகரத்தில் பார்க்க எவ்வளவோ உண்டு. நான் பார்த்தது ஆற்றங்கரையிலுள்ள ரக்பி மைதானத்தை. ரிட்லி இளமையில் பாத் குழுவுக்காக ஆடியவர். 1950களின் தொடக்கத்தில் அதன் தலைவராகவும் இருந்தார். மண்டை உடைந்து, கை போய், கடனில் மூழ்கி எழுந்த மனிதரை ஊர் மறக்காமல் கூப்பிட்டு உட்கார வைத்திருக்கிறது.

1982இல் அரசாங்கம் ஓபிஇ விருது கொடுத்தது. 1984 மார்ச் 12ஆம் தேதி, எண்பத்தெட்டு வயதில் இறந்தார். கடைசிக் காலத்தில் ஓய்வு பெற்ற நடிகர்களுக்கான டென்வில் ஹால் இல்லத்தில் இருந்தார். அவருடைய சாம்பலைக் கொண்டுவந்து பாத் ஆபி கல்லறைத் தோட்டத்தில், அப்பா அம்மாவின் கல்லறையிலேயே வைத்தார்கள். அவர் குடும்பத்தில் பேத்தி முறை வரும் டெய்சி ரிட்லி 2015இல் ‘ஸ்டார் வார்ஸ்’ படத்தின் நாயகியானபோது, பல இளைஞர்கள் அவர் பெயரை முதல் முறையாகக் கேட்டார்கள்.

சைக்கிளைக் கீழே பூட்டிவிட்டுக் குன்றில் ஏறினேன். நல்ல செங்குத்து. அக்டோபர் மாதம், இலைகள் பழுத்து விழுந்து வழியெல்லாம் வழுக்கியது. மரங்களுக்கிடையே பழைய கல்லறைகள் சரிந்தும் பாசி பிடித்தும் கிடந்தன. வரிசை வரிசையாகப் பெயர்களைப் படித்துக்கொண்டே போனேன். சில கற்களில் எழுத்தே அழிந்துவிட்டது. ஒரு மணி நேரம் தேடியிருப்பேன். கண்டுபிடிக்க முடியவில்லை. வெளிச்சம் குறைந்துகொண்டே வந்தது. கேட்பதற்கு ஆளும் இல்லை.

ஒரு கல் படியில் உட்கார்ந்தேன். மலேசியாவில் நள்ளிரவு தாண்டியிருக்கும். தம்பி அந்நேரம் கிராப் ஓட்டிக்கொண்டிருப்பான் என்று தெரியும். அழைத்தேன்.

“என்னக்கா, இந்நேரத்துல?”

“வண்டி ஓட்டுறியா?”

“இல்ல, மாமாக் கடையில நிக்கிறேன். தே தாரிக்.”

“மாமா வேலையைப் பத்திக் கேட்டியே...”

“ம்.”

“போன்னும் சொல்லத் தெரியல, போகாதேன்னும் சொல்லத் தெரியலடா. வரவு செலவைப் பார்த்து நீதான் முடிவு பண்ணணும். ஆனா தீபாவளிக்குச் சொன்னேன்ல, ஓரத்துல நிக்கிறேன்னு... அதைச் சொல்லியிருக்கக் கூடாது.”

கொஞ்ச நேரம் அந்தப் பக்கம் கடையின் தட்டுச் சத்தம் மட்டும் கேட்டது. “பரவாயில்லக்கா” என்றான். பிறகு, “நீ எங்க இருக்கே?”

சொன்னேன். கோட்ஃப்ரியைப் பற்றி, கத்திக் குத்தைப் பற்றி, வெள்ளை இறகைப் பற்றி, ரயில் வராத நிலையத்தைப் பற்றி. கல்லறை கிடைக்கவில்லை என்பதையும் சொன்னேன். அவன் குறுக்கே பேசவில்லை. எல்லாம் கேட்டுவிட்டு ஒரே ஒரு கேள்வி கேட்டான்.

“இடக்கை சரியா வேலை செய்யாதுன்னு சொன்னியே... கேமரா முன்னால அதை எங்க வெச்சிருப்பார்?”

எனக்குத் தெரியவில்லை. ஆறேழு பாகம் பார்த்திருக்கிறேன். ஒருமுறைகூடக் கவனிக்கவில்லை.

“பார்த்துச் சொல்றேன்” என்றேன்.

மாமாவிடம் அவன் இன்னும் ஒரு மாதம் தவணை கேட்டிருக்கிறான். நான் ஊர் திரும்ப ஒரு வாரம் இருந்தது. அந்தக் கடைசிச் சனிக்கிழமை மாலையும் வீட்டுக்கார அம்மா டீ போட்டுக் கொடுத்தார். தொடரின் பாட்டு முடிந்தது. கேப்டன் முன்னால் வந்து நின்று ஏதோ முழங்கினார். அரங்கம் சிரித்தது. நான் டீயைக் கீழே வைத்துவிட்டு, வரிசையின் கோடியில் அந்த இடக்கையைத் தேட ஆரம்பித்தேன்.